சீரியலா, மேடையா, சம்பள வேலையா? பிரிட்டிஷ் டிவிக்கு எழுத நினைப்பவர்களுக்கு

சமீபத்தில் மூன்று பேர் ஒரே கேள்வியை மூன்று விதமாகக் கேட்டு எழுதியிருந்தார்கள். மூவரும் இங்கிலாந்தில் வளர்ந்த தமிழ்ப் பிள்ளைகள். பிரிட்டிஷ் டிவிக்கு நாடகம் எழுத வேண்டும் என்பது மூவரின் ஆசையும். முதலாமவருக்கு ஒரு பெரிய சீரியலின் கதைப் பிரிவில் சம்பள வேலை வந்திருக்கிறது. போனால் சொந்த எழுத்து செத்துவிடுமோ என்று பயப்படுகிறார். இரண்டாமவர் ஒரு மணி நேர மேடை நாடகம் ஒன்றை எழுதி முடித்துவிட்டார். சேமிப்பை எல்லாம் போட்டு, ஸ்காட்லாந்தில் ஆகஸ்டில் நடக்கும் மேடைக் கலை விழாவான எடின்பரோ ஃபிரிஞ்சுக்கு அதைக் கொண்டுபோகலாமா என்கிறார். மூன்றாமவர் பார்மசிஸ்ட். வேலையை விட்டுவிட்டு எழுத உட்காரலாமா என்பது அவர் கேள்வி. அம்மா இரண்டு வாரமாகப் பேசுவதில்லை என்றும் ஒரு வரி சேர்த்திருந்தார்.

தனித்தனியாகப் பதில் போடுவதைவிட, இருக்கிற வழிகளை எல்லாம் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்ப்பது நல்லது என்று தோன்றியது. லண்டனில் ஒரு தயாரிப்பு நிறுவனத்துக்குச் சில வருடங்கள் ஸ்கிரிப்ட் வாசித்து அறிக்கை எழுதிக் கொடுத்திருக்கிறேன். என் மேஜைக்கு வந்த ஸ்கிரிப்டுகளையும், எழுதியவர்கள் பிறகு என்ன ஆனார்கள் என்பதையும் வைத்துத்தான் இதைச் சொல்கிறேன்.

## எதை வைத்து அளப்பது

"எந்த வழியில் போனால் சீக்கிரம் பெரிய எழுத்தாளர் ஆகலாம்?" என்று கேட்டால் யாராலும் பதில் சொல்ல முடியாது. அதைச் சின்னச் சின்னக் கேள்விகளாக உடைத்துக்கொண்டால் பதில் கிடைக்கும்.

நான் முதலில் கேட்பது இது: நீங்கள் எழுதிய வசனத்தை ஒரு நடிகர் எவ்வளவு சீக்கிரம் பேசுவார்? தாளில் இருக்கும்வரை எல்லாமே சரியாகத்தான் தெரியும். நடிகர் வாயில் வரும்போதுதான், நான்கு வரி வசனத்தில் மூன்று வரி வேண்டாதது என்று நம் காதுக்குப் புரியும். ஒரு நடிகை டீ கோப்பையை மேஜையில் வைக்கும் விதத்திலேயே அந்த மூன்று வரியும் வந்துவிடுகிறது. அப்புறம் நீங்கள் அப்படி எழுதவே மாட்டீர்கள். பத்து ஸ்கிரிப்ட் எழுதி டிராயரில் வைத்தவரைவிட, ஒரே ஒரு ஸ்கிரிப்ட் அரங்கேறிப் பார்த்தவர் தேறியிருப்பதை நான் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறேன்.

அடுத்தது வாடகை. பிரிட்டனில் டிவி எழுத்தாளர்கள் பெரும்பாலும் சுயதொழில் செய்பவர்கள்தான். பணம் மொத்தமாக வராது. டிராஃப்ட் கொடுத்தால் ஒரு பங்கு, அவர்கள் ஏற்றுக்கொண்டால் இன்னொரு பங்கு என்று தவணையாக வரும். இரண்டு தவணைக்கு நடுவே பல மாதம் ஓடிவிடும். அதில் ஏஜென்டுக்கு நூற்றுக்கு 10 முதல் 15 வரை, அதன் மேல் வாட் வரி. ஜனவரி 31-க்குள் வருமான வரியை நீங்களேதான் கட்ட வேண்டும். காய்ச்சல் வந்து ஒரு வாரம் படுத்தால் அந்த வாரத்துக்குச் சம்பளம் கிடையாது.

மூன்றாவது உரிமை. இதைப் பிள்ளைகள் யாரும் கேட்பதில்லை. ஆனால் பத்து வருடம் கழித்து எல்லோரும் வருந்துவது இதற்காகத்தான். பழைய கதை ஒன்று சொல்கிறேன். 1963-இல் பிபிசி 'டாக்டர் ஹூ' என்ற அறிவியல் புனைகதைத் தொடரைத் தொடங்கியபோது இரண்டாவது கதையை டெர்ரி நேஷன் எழுதினார். டாலெக்குகள் என்ற வில்லன்கள் முதலில் வந்தது அதில்தான். அவற்றின் உருவத்தை வடிவமைத்தவர் ரேமண்ட் கியூசிக். நேஷன் வெளியிலிருந்து எழுதுபவர். அவருக்கு ஏஜென்ட் பெரில் வெர்ட்யூ. ஷெப்பர்ட்ஸ் புஷ்ஷில் ஒரு காய்கறிக் கடை மாடியில் தொடங்கிய எழுத்தாளர்கள் கூட்டு நிறுவனம் ஒன்றில் டைப் அடிக்கச் சேர்ந்து, அப்படியே ஏஜென்ட் ஆனவர் அந்த அம்மா. டாலெக்குகளில் நேஷனுக்குப் பங்கு இருக்கும்படி ஒப்பந்தத்தில் பார்த்துக்கொண்டார். கியூசிக் பிபிசியின் மாதச் சம்பளக்காரர். நாடெங்கும் டாலெக் பொம்மைகள் விற்றபோது நேஷனுக்குப் பணம் கொட்டியது. உருவம் கொடுத்தவருக்கு அன்பளிப்பாக ஒரு சிறு தொகையோடு சரி. இருவருக்கும் திறமை இருந்தது. வேறுபட்டது கையெழுத்துப் போட்ட தாள் மட்டும்தான்.

நேரமும் உடம்பும் எவ்வளவு போகும், கதவு யாருக்குத் திறக்கும் என்ற இரண்டையும் ஒவ்வொரு வழியிலும் போகிற போக்கில் சொல்கிறேன்.

## வழி 1: சீரியல்

'கோரனேஷன் ஸ்ட்ரீட்' 1960 டிசம்பர் 9 அன்று தொடங்கியது. உருவாக்கிய டோனி வாரனுக்கு அப்போது வயது 24. 'ஈஸ்ட்எண்டர்ஸ்' 1985-இல் வந்தது. இன்றும் இவை ஓடுகின்றன. பிரிட்டிஷ் டிவியின் மிகச் சிறந்த எழுத்தாளர்களில் பலர் இந்தப் பட்டறையில் அடிபட்டு வந்தவர்கள்தான். லிவர்பூலில் எடுக்கப்பட்ட 'புரூக்சைட்' சீரியலில் பல வருடம் எழுதிய ஜிம்மி மெக்கவர்ன், பிறகு 1993-இல் 'கிராக்கர்' எழுதினார். சாலி வெய்ன்ரைட் 'கோரனேஷன் ஸ்ட்ரீட்'டில் ஐந்து வருடம் எழுதினார். அவர் எழுதிய 'ஹாப்பி வேலி' 2014-இல்தான் வந்தது.

வேலை இப்படி நடக்கும். எழுத்தாளர்களும் கதைப் பிரிவும் கூடி, வரப்போகும் வாரங்களில் யாருக்கு என்ன ஆகும் என்று பேசி முடிவெடுப்பார்கள். ஸ்டோரிலைனர்கள் அதைக் காட்சி காட்சியாகப் பிரித்து எழுதுவார்கள். அப்புறம் உங்கள் எபிசோடுக்கான தாள் உங்கள் கைக்கு வரும். கதை மட்டும் அதில் இருக்காது. எந்த நடிகர் விடுமுறையில் இருக்கிறார், எந்த செட் காலியாக இருக்கிறது, வெளிப்புறத்தில் எத்தனை காட்சி எடுக்கலாம் என்பதெல்லாம் இருக்கும். பப்புக்குள் நடக்க வேண்டிய சண்டை, செட் கிடைக்காததால் பின்சந்துக்குப் போகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். சந்தில் உட்கார நாற்காலி கிடையாது, கையில் கிளாஸ் கிடையாது, சுற்றி வேடிக்கை பார்க்கவும் ஆள் இல்லை. இரண்டு பேரும் நின்றுகொண்டே பேசியாக வேண்டும். மூன்று பக்கச் சண்டை ஒன்றரைப் பக்கமாகிறது. முன்னைவிட நன்றாகவும் ஆகிறது. இந்தப் பாடத்துக்குக் காசு வாங்காமல், காசு கொடுத்துச் சொல்லித்தரும் இடம் சீரியல்தான்.

முதல் அளவுகோலில் சீரியலுக்கு நிகரில்லை. எழுதிய சில மாதங்களில் ஒளிபரப்பாகும். பல லட்சம் பேர் பார்ப்பார்கள். பணமும் நியாயமான பணம். எழுத்தாளர் சங்கமான ரைட்டர்ஸ் கில்டு, பிபிசியோடும் ஐடிவியோடும் போட்டிருக்கும் ஒப்பந்தங்களில் குறைந்தபட்சக் கட்டணமும் ஓய்வூதியப் பங்களிப்பும் உண்டு.

மறைந்திருக்கும் செலவு இரண்டு. ஒன்று, அந்தத் தெருவும் அங்கே வாழும் மனிதர்களும் உங்களுடையவர்கள் இல்லை. ஐம்பது எபிசோட் எழுதினாலும், நீங்கள் குழுவை விட்டு வெளியே வரும் நாளில் கையோடு கொண்டுவர ஒரு பாத்திரம்கூட இருக்காது. இரண்டாவது, குரல். பத்து வருடம் அடுத்தவர் வீட்டு வாசலில் நின்று பேசிப் பழகியவருக்குச் சொந்த வீட்டில் என்ன பேசுவது என்று தடுமாற்றம் வரும். கைதேர்ந்த சீரியல் எழுத்தாளர்கள் அனுப்பிய சொந்தக் கதைகளை வாசித்திருக்கிறேன். காட்சிகள் கடிகாரம் மாதிரி ஓடும். அந்தக் கதையை அவர் ஏன் எழுத நினைத்தார் என்பது மட்டும் கடைசிப் பக்கம்வரை தெரியாது.

எல்லாவற்றையும்விட முக்கியமான மாற்றம் கடந்த சில வருடங்களில் நடந்தது. பர்மிங்காமில் எடுத்த 'டாக்டர்ஸ்' என்ற பகல்நேரத் தொடர், 2000-இலிருந்து புதியவர்களுக்கு முதல் வாய்ப்பு கொடுத்துவந்த இடம். முதல் ஒளிபரப்பு எபிசோடு எங்கே என்று கேட்டால் எத்தனையோ பேர் அதன் பெயரைத்தான் சொல்வார்கள். அது 2024 நவம்பரில் நின்றுவிட்டது. 'ஹோல்பி சிட்டி' 2022-லேயே முடிந்தது. பிபிசி 2005-இல் ஜான் யார்க் தலைமையில் எழுத்தாளர் அகாடமி தொடங்கியபோது, பயிற்சி முடித்தவர்கள் போய் எழுதிய நான்கு தொடர்களில் இவை இரண்டு. 'ஹோலியோக்ஸ்' 2024-இல் வாரம் ஐந்து எபிசோடிலிருந்து மூன்றாகக் குறைந்தது. 'கோரனேஷன் ஸ்ட்ரீட்', 'எமர்டேல்' இரண்டையும் 2026 ஜனவரியிலிருந்து வாரத்துக்கு ஐந்து அரைமணி எபிசோடாக ஐடிவி குறைத்திருக்கிறது. எபிசோடு குறைந்தால் இருப்பதை அனுபவசாலிகள் எடுத்துக்கொள்வார்கள். ஏணியில் கீழ்ப்படி இரண்டு போய்விட்டது. "முதலில் சீரியலில் சேர், பிறகு பார்க்கலாம்" என்று பத்து வருடத்துக்கு முன்னால் நானே சொல்லியிருப்பேன். இன்று அதை அப்படியே சொன்னால் உங்களை ஏமாற்றியதாகும்.

## வழி 2: மேடை

2013-இல் எடின்பரோவில் ஃபீபி வாலர்-பிரிட்ஜ் மேடையில் ஒற்றை நாற்காலியில் உட்கார்ந்து ஒரு மணி நேரம் பேசினார். செட் கிடையாது, வேறு நடிகர் கிடையாது. மூன்று வருடத்தில் அது 'ஃபிளீபேக்' என்ற டிவி தொடர் ஆனது. மிக்கேலா கோல் 2012-இல் ஒற்றை ஆளாக நடித்த நாடகம் 2015-இல் 'சூயிங் கம்' ஆனது. ரிச்சர்ட் காட் 2019-இல் எடின்பரோவில் நடித்த 'பேபி ரெயின்டியர்' 2024-இல் நெட்ஃபிளிக்ஸுக்கு வந்தது. 2025-இல் 'அடலசன்ஸ்' தொடரை ஸ்டீஃபன் கிரஹாமோடு சேர்ந்து எழுதிய ஜாக் தோர்னும் மேடையிலிருந்து வந்தவர்தான்.

இந்த வழியின் பெரிய பலம் உரிமை. நாடகத்தின் பதிப்புரிமை எழுதியவரிடமே இருக்கும். டிவிக்காரர்கள் வரும்போது, உங்களிடம் ஏற்கெனவே ஒரு பொருள் இருக்கிறது, விலை பேசலாம். 'ஐ மே டிஸ்ட்ராய் யூ' தொடருக்கு நெட்ஃபிளிக்ஸ் பத்து லட்சம் டாலர் தர முன்வந்தபோது, பதிப்புரிமையில் ஒரு சிறு பங்குகூடத் தர மாட்டோம் என்றதால் கோல் மறுத்தார். பிறகு பிபிசியில் உரிமைப் பங்கோடு 2020-இல் அதைச் செய்தார். 2021-இல் அதன் எழுத்துக்கு எம்மி விருது கிடைத்தது. அந்த மறுப்பைச் சொல்லும் தைரியம் ஒருவருக்கு எங்கிருந்து வருகிறது என்று யோசித்திருக்கிறேன். முதல் வரியிலிருந்து கடைசி வரிவரை தன்னுடையதாக ஒன்றை மேடையில் நிறுத்திப் பார்த்தவருக்குத்தான் அது எளிதாக வரும்.

ஆனால் மேலே சொன்ன வருடங்களைக் கொஞ்சம் கணக்குப் போட்டுப் பாருங்கள். 2013-இலிருந்து 2016. 2012-இலிருந்து 2015. 2019-இலிருந்து 2024. எல்லோரும் பாராட்டிய நாடகங்களுக்கே மூன்று முதல் ஐந்து வருடம் ஆகியிருக்கிறது. எடின்பரோ ஃபிரிஞ்ச் விழாவில் ஒரு வருடத்தில் 3,000-க்கும் மேற்பட்ட நிகழ்ச்சிகள் நடக்கின்றன. பன்னிரண்டு பேர் பார்க்க, அதில் மூன்று பேர் நண்பர்களாக இருக்க, ஆகஸ்ட் முழுக்க ஆடிவிட்டு வரும் நாடகங்கள்தான் அதிகம். அந்த மாதத்தில் அந்த ஊரில் ஒரு அறை வாடகைக்கு எடுப்பதே பெரிய செலவு. அரங்குக்குப் பணம், நோட்டீஸ், விளக்கு, பயணம் எல்லாம் அதற்கு மேல். உண்மையில் அது எழுத்தாளர்களின் திறமைக்கு வைக்கிற பரீட்சையா, சேமிப்புக்கு வைக்கிற பரீட்சையா என்று கேட்டால், பாதிப் பாதி என்பேன். வசதியான வீட்டுப் பிள்ளைகள் அங்கே இரண்டு, மூன்று முறை தோற்கலாம். மற்றவர்கள் ஒரு முறைதான் தோற்க முடியும். எனக்கு இதில் வருத்தம் உண்டு.

அதனால் மேடை என்றதும் எடின்பரோ என்று நினைக்க வேண்டாம். லண்டனில் ராயல் கோர்ட், புஷ், சோஹோ ஆகிய அரங்குகள் புதிய எழுத்துக்குப் பேர்போனவை. பப் மாடியில் ஐம்பது நாற்காலி போட்ட அரங்குகள் ஊர் ஊருக்கு உண்டு. நான்கு நடிகர்களை ஒரு ஞாயிற்றுக்கிழமை கூட்டி, சாப்பாடு போட்டு வாசிக்க வைப்பதும் மேடைதான். முதல் அளவுகோலுக்கு அதுவே போதும். 'ஃபிளீபேக்'கும் முதலில் ஒரு பத்து நிமிடத் துண்டாகத்தான் பிறந்தது.

இன்னொரு மறைந்த செலவையும் சொல்ல வேண்டும். மேடையில் ஒரு மணி நேரத்தில் முடியும் கதைக்கு இரண்டாவது எபிசோடு இருக்காது. டிவி வாங்கிய பிறகு, ஆறு எபிசோடுக்குக் கதையை எப்படி நீட்டுவது என்று தெரியாமல் திணறியவர்கள் உண்டு. சீரியலில் எழுதியவருக்கு அது கைவந்த கலை.

## வழி 3: ரேடியோவும் நகைச்சுவையும்

இதைச் சுருக்கமாகவே சொல்கிறேன், ஏனென்றால் நகைச்சுவை வராதவரை இந்தப் பக்கம் தள்ள முடியாது. ரேடியோவில் செலவு குறைவு, அதனால் புதியவரை நம்பிப் பார்க்க முடியும். நகைச்சுவை எழுத்தாளர்களான கால்டனும் சிம்சனும் 1948-இல் காசநோய் மருத்துவமனையில் படுத்திருந்தபோது சந்தித்து, ரேடியோவுக்கு எழுதித்தான் தொடங்கினார்கள். அவர்கள் எழுதிய 'ஹான்காக்' முதலில் ரேடியோ, பிறகு டிவி. பிரிட்டிஷ் ஆசியர்களின் நகைச்சுவை நிகழ்ச்சியான 'குட்னஸ் கிரேஷியஸ் மீ' 1996-இல் பிபிசியின் ரேடியோ 4-இல் வந்து, 1998-இல் டிவிக்குப் போனது. வெய்ன்ரைட்டும் 1951-இலிருந்து ரேடியோவில் ஓடும் 'தி ஆர்ச்சர்ஸ்' தொடருக்கு எழுதியவர்தான்.

மேடையில் நின்று பேசும் நகைச்சுவைக் கலைஞர்களுக்கு இன்னொரு குறுக்குவழி உண்டு. இலங்கைத் தமிழ்ப் பெற்றோருக்குப் பிறந்த ரொமேஷ் ரங்கநாதன் பள்ளியில் கணக்கு வாத்தியாராக இருந்தவர். மேடைப் பேச்சில் பெயர் வாங்கி, 2018-இல் 'தி ரிலக்டன்ட் லேண்ட்லார்ட்', 2022-இல் 'அவாய்டன்ஸ்' என்று தன் தொடர்களை எழுதி நடித்தார்.

செலவு என்ன? ரேடியோவில் பணம் குறைவு. யார் வேண்டுமானாலும் துணுக்கு அனுப்பலாம் என்று கதவைத் திறந்து வைத்திருந்த 'நியூஸ்ஜாக்' போன்ற நிகழ்ச்சிகளும் நின்றுவிட்டன. ஆனால் வசனம் மட்டுமே கையில் இருக்கும் இடத்தில் எழுதிப் பழகியவர் டிவிக்கு வரும்போது காது தீட்டப்பட்டிருக்கும்.

## வழி 4: உள்ளே சம்பள வேலை

ஸ்டோரிலைனர், எழுத்தாளரோடு சேர்ந்து டிராஃப்டைச் சரிசெய்யும் ஸ்கிரிப்ட் எடிட்டர், உதவியாளர். மாதம் பிறந்தால் பணம். 'ஷேம்லெஸ்' எழுதிய பால் அபட் 'கோரனேஷன் ஸ்ட்ரீட்'டில் ஸ்கிரிப்ட் எடிட்டராக இருந்து எழுத்தாளரானவர். ரஸ்ஸல் டி. டேவிஸ் மான்செஸ்டரில் பிபிசியின் குழந்தைகள் பிரிவில் வேலை பார்த்து, 1991-இல் 'டார்க் சீசன்' எழுதி, அங்கிருந்து 1999-இன் 'குவீர் அஸ் ஃபோக்'குக்கு வந்தார்.

இங்கே கிடைப்பது வேறெங்கும் கிடைக்காது. ஒரே எபிசோடின் முதல் டிராஃப்டும் ஐந்தாவது டிராஃப்டும் உங்கள் கையில் இருக்கும். நல்ல எழுத்தாளர் எதை வெட்டினார், எதை விட்டுக்கொடுக்க மறுத்தார் என்று அருகில் இருந்து பார்க்கலாம். யார் முடிவெடுப்பவர், யார் முடிவெடுப்பதுபோல் பேசுபவர் என்பதும் தெரிந்துவிடும்.

விலை, உங்கள் மூளையின் நல்ல நேரம். பகல் முழுக்க அடுத்தவர் காட்சியைச் சரிசெய்துவிட்டு இரவு ஒன்பது மணிக்குச் சொந்தக் காட்சியைத் திறந்தால், அதற்கும் அதே அலுவலகக் குரலில் குறிப்பெழுதத் தொடங்கிவிடுவீர்கள். "தோற்றால் இழப்பு என்ன, தடை என்ன, ஏன் இப்போது" என்று கேட்டுக் கேட்டு, இன்னும் பிறக்காத கதையைக் கொன்றுவிடுவீர்கள். இன்னொன்று, ஆட்கள் முத்திரை குத்துவார்கள். ஐந்து வருடம் எடிட்டராக இருந்தவரை எடிட்டராகத்தான் பார்ப்பார்கள்.

உரிமை விஷயத்தில் கியூசிக்கை மறக்க வேண்டாம். 1988-ஆம் வருடப் பதிப்புரிமைச் சட்டப்படி, வேறுவிதமாக ஒப்பந்தம் இல்லாவிட்டால், ஊழியர் தன் வேலையின் பகுதியாக எழுதியது முதலாளிக்குச் சொந்தம். சொந்த நேரத்தில் எழுதியதும் இதில் மாட்டிக்கொள்ளாமல் இருக்கும்படி ஒப்பந்தத்தின் அந்தப் பகுதியைச் சேரும் முன்பே வாசியுங்கள்.

## போட்டிகள் பற்றி

பிபிசியின் ஆண்டுதோறுமான திறந்த அழைப்பு, 12 பேரை எடுக்கும் சேனல் 4-இன் பயிற்சி, சில நிறுவனங்களின் பரிசுகள். இவற்றை நான் தனி வழியாக எண்ணுவதில்லை. எந்த வழியில் நடந்தாலும் போகும்போது தட்டிப் பார்க்க வேண்டிய கதவுகள் இவை. ராபர்ட் தோரோகுட், ரெட் பிளானட் பரிசுப் போட்டியில் வெற்றிபெறவில்லை, இறுதிச் சுற்றுவரைதான் வந்தார். அங்கே வைத்த யோசனைதான் 2011-இல் 'டெத் இன் பாரடைஸ்' ஆனது.

பிபிசி அழைப்பில் முதல் சுற்றில் வாசிப்பது முதல் பத்துப் பக்கம். அது போதுமா என்று கோபப்படுபவர்கள் உண்டு. வாசிக்கும் பக்கத்திலிருந்து சொல்கிறேன், போதும். ஒரு நாள் மாலை எட்டாவது ஸ்கிரிப்டை எடுத்தேன். அதற்கு முந்தைய ஏழில் நான்கு, யாரோ கனவு கண்டு திடுக்கிட்டு விழிப்பதில் தொடங்கியிருந்தன. இதில் ஒரு முதியோர் இல்லத்தின் நடைபாதை. ஊழியப் பெண் துவைத்த துண்டுகளை மடித்துக்கொண்டிருக்கிறாள். ஒரு அறையிலிருந்து அழைப்புமணி அடிக்கிறது. அவள் போகவில்லை. மடித்த துண்டை மறுபடி பிரித்து, மறுபடி மடிக்கிறாள். மணி நிற்கிறது. இரண்டாம் பக்கம் இன்னும் முடியவில்லை, வசனம் ஒன்றுகூட வரவில்லை. நான் எழுந்துபோய் விளக்கைப் போட்டுவிட்டு வந்து முழுதாக வாசித்தேன். பின்பாதி சொதப்பல்தான். ஆனால் எழுதியவரைக் கூப்பிட்டுப் பேச வேண்டும் என்று அறிக்கையில் எழுதினேன், கூப்பிட்டார்கள்.

## பக்கத்தில் பக்கத்தில் வைத்தால்

| வழி | வசனம் காதில் விழ ஆகும் காலம் | பணம் | உரிமை | வெளியே தெரியாத செலவு | யாருக்குப் பொருந்தும் |
|---|---|---|---|---|---|
| சீரியல் | சில மாதம், உள்ளே நுழைந்த பிறகு | நல்ல கட்டணம், ஆனால் நிரந்தரமில்லை | இல்லை என்றே சொல்லலாம் | சொந்தக் குரல் | கெடு கொடுத்தால்தான் எழுதுபவர், நான்கைந்து பேர் திருத்தினாலும் சுருண்டுபோகாதவர் |
| மேடை | ஒரு ஞாயிற்றுக்கிழமை போதும் | கையிலிருந்து போகும் | உங்களுடையது | சேமிப்பு, மூன்று முதல் ஐந்து வருடக் காத்திருப்பு | ஒரு கதை தூங்க விடாமல் துரத்துபவர் |
| ரேடியோ, நகைச்சுவை | சில வாரம் முதல் சில மாதம் | குறைவு | நிகழ்ச்சியைப் பொறுத்தது | கதவுகள் குறைந்துவருகின்றன | காதுள்ளவர், சிரிக்கவைக்கத் தெரிந்தவர் |
| சம்பள வேலை | அடுத்தவர் வசனம் தினமும், உங்களுடையது எப்போதாவது | மாதச் சம்பளம் | முதலாளிக்கு | மூளையின் நல்ல நேரம், முத்திரை | தொழில் எப்படி நடக்கிறது என்றே தெரியாதவர், உடனே வருமானம் வேண்டியவர் |

இன்று ஒருவர் வந்து, எதுவும் கையில் இல்லை, எங்கே தொடங்குவது என்றால், என் பதில் மேடை. எடின்பரோ அல்ல, பக்கத்து ஊர் மேடை. டிவிக்கு வெளியே ஒரு வேலையை வைத்துக்கொண்டு, ஒரு மணி நேரத்துக்குள் அடங்கும் ஒன்றை நடிகர்களிடம் கொடுத்துக் கேட்க வேண்டும். சீரியல் வாய்ப்பு பிறகு வந்தால் ஓடிப்போய் எடுத்துக்கொள்ளுங்கள். அப்போது உங்களுக்கென்று ஒரு குரல் இருக்கும், அவ்வளவு எளிதில் கரையாது.

## மூவருக்கும்

கதைப் பிரிவில் வேலை கிடைத்தவருக்கு: போங்கள். கீழ்ப்படிகள் போய்விட்ட நேரத்தில் உள்ளே இடம் கிடைப்பது சின்ன விஷயமில்லை. ஆனால் இரண்டு வருடம் என்று நாட்காட்டியில் குறித்து வையுங்கள். வேலைக்குப் போகும் முன், காலை ஏழு முதல் எட்டுவரை உங்கள் நேரம். இரவில் எழுதலாம் என்று ஏமாற வேண்டாம். சேர்ந்த ஆறாவது மாதத்தில், எழுத வாய்ப்பு உண்டா என்று வாய்விட்டுக் கேளுங்கள். கேட்காதவருக்கு அங்கே யாரும் தானாகக் கொடுப்பதில்லை. ரைட்டர்ஸ் கில்டில் இப்போதே சேருங்கள், இன்னும் எதுவும் ஒளிபரப்பாகாதவர்களுக்கும் அங்கே ஒரு உறுப்பினர் வகை உண்டு.

நாடகம் எழுதி வைத்திருப்பவருக்கு: இந்த ஆகஸ்டில் எடின்பரோ வேண்டாம். அந்தச் சேமிப்பில் பத்தில் ஒரு பங்கை எடுத்து, உங்கள் ஊரிலேயே இரண்டு இரவு நடத்துங்கள். முதல் இரவில் பின்வரிசையில் உட்கார்ந்து, ஆட்கள் எங்கே இருமுகிறார்கள், எங்கே போனை எடுக்கிறார்கள் என்று ஸ்கிரிப்டின் ஓரத்தில் குறியுங்கள். அந்த இடங்களை வெட்டி இரண்டாம் இரவு பாருங்கள். பிறகும் நாடகம் நிற்கிறதென்றால், அடுத்த வருடம் எடின்பரோவுக்குப் போவதில் எனக்கு ஆட்சேபணை இல்லை. அதற்குள் அதே மனிதர்களை வைத்து இரண்டாவது, மூன்றாவது எபிசோடில் என்ன நடக்கும் என்று இரண்டு பக்கம் எழுதி வைத்திருங்கள். டிவியிலிருந்து வருபவர் கேட்கும் முதல் கேள்வி அதுதான்.

பார்மசிஸ்டுக்கு: வேலையை விடாதீர்கள். அம்மாவுக்காகச் சொல்லவில்லை. ஜெட் மெர்க்குரியோ மருத்துவராக இருந்தபோது ஒரு மருத்துவ இதழில் வந்த விளம்பரத்தைப் பார்த்து எழுத வந்தவர். 1994-இன் 'கார்டியாக் அரெஸ்ட்' அவர் பார்த்த வார்டிலிருந்து வந்தது. வெய்ன்ரைட் பஸ் ஓட்டியிருக்கிறார். 'ஈஸ்ட்எண்டர்ஸ்' எழுதிய டோனி ஜோர்டன் சந்தையில் கடை போட்டவர். வாடகை பற்றிய பயம் இருக்கும்போது எவரும் நல்ல இரண்டாவது டிராஃப்ட் எழுதி நான் பார்த்ததில்லை. முதல் டிராஃப்டையே கடைசி என்று அனுப்பிவிடுவார்கள். வேலை நேரத்தை மாற்றித்தரும்படி கேட்கும் உரிமை 2024 ஏப்ரலிலிருந்து வேலைக்குச் சேர்ந்த முதல் நாளிலேயே உண்டு. வாரத்தில் நான்கு நாள் ஆக்கமுடியுமா என்று கேளுங்கள். கிடைத்தால் ஐந்தாவது நாள் எழுத்துக்கு. மற்ற நான்கு நாளும் கவுன்டரில் நிற்கும்போது காதைத் திறந்து வையுங்கள். யாருடைய பெயரும் நோயும் வேண்டாம், அது அவர்களுடையது. வந்தவர் எதைக் கேட்க வந்தாரோ அதைக் கேட்காமல் வானிலையைப் பற்றி எவ்வளவு நேரம் பேசினார், பை கைக்கு வந்த பிறகும் ஏன் போகாமல் நின்றார், அதை மட்டும் கடை மூடியதும் பஸ்ஸிலேயே எழுதிவிடுங்கள்.